வாலரன்ட் கஸ்டம் ஆட்டம்: ஐந்து பேர் உருப்படியாகப் பயிற்சி எடுக்க எப்படி அமைப்பது?

கேள்வி இதுதான். ஐந்து நண்பர்கள் சேர்ந்து வாலரன்ட் (ஐந்துக்கு ஐந்து பேர் மோதும் துப்பாக்கிச் சண்டைக் கணினி விளையாட்டு) ஆடுகிறீர்கள். நான்கு பேர் கோவை, ஒருவர் சிங்கப்பூர். ரேங்க்டில் (தரவரிசைக்கு ஆடும் ஆட்டம்) சைட்டுக்குள், அதாவது ஸ்பைக் என்ற வெடிகுண்டை வைக்கும் இடத்துக்குள், நுழையும்போது ஆளுக்கொரு பக்கம் ஓடுகிறீர்கள். எப்படியோ ஸ்பைக்கை பிளான்ட் செய்தாலும் (வைத்தாலும்), தடுக்கும் அணி சைட்டை மீட்க வரும் ரீடேக்கில் பறிகொடுக்கிறீர்கள். பயிற்சி எடுக்கலாம் என்று கஸ்டம் ஆட்டம் திறந்தால், அரை மணி நேரத்தில் ஒருவரையொருவர் கத்தியோடு துரத்துவதில் போய் முடிகிறது. எந்த செட்டிங்கை எப்படி வைப்பது, உள்ளே போய் என்ன செய்வது, நேரத்தை எப்படிப் பிரிப்பது?

கத்தித் துரத்தல் எல்லா அணியிலும் நடப்பதுதான். காரணமும் ஒன்றுதான்: என்ன பார்க்கப்போகிறோம் என்று முடிவு செய்யாமல் அறையைத் திறந்துவிடுகிறோம். அதனால் லாபிக்குள் போவதற்கு முன்னால் ஒரே ஒரு விஷயத்தைத் தீர்மானித்துக்கொள்ளுங்கள். "அசென்ட் பி சைட்டுக்குள் ஸ்மோக் கலைவதற்குள் போய்ச் சேர முடிகிறதா?" என்ற அளவுக்குச் சின்னதாக இருக்கட்டும் (அசென்ட் ஒரு மேப், ஸ்மோக் என்பது பார்வையை மறைக்கும் புகை). "அசென்ட் கற்றுக்கொள்வோம்" என்பதெல்லாம் பெரிய தலைப்பு, ஓர் இரவில் அடங்காது. கேள்வி சின்னதாக இருந்தால் எந்தப் பொத்தானை ஆன் செய்வது, எதை ஆஃப் செய்வது என்பது தானாகவே தெரிந்துவிடும்.

சரி, லாபி. பிளே அழுத்தியதும் மேலே வரும் வரிசையில் கஸ்டம் கேம் இருக்கும். அதில் மேப், மோட், சர்வர், அப்புறம் சில ஆப்ஷன்கள். மோட் ஸ்டாண்டர்டாகவே இருக்கட்டும். அதுதான் ஸ்பைக், வாங்கும் நேரம், 12 ரவுண்டுக்குப் பிறகு பக்கம் மாறுவது எல்லாம் சேர்ந்த முழு ஆட்டம். மேப்பில் ஒரு வசதி உண்டு. ரேங்க்டில் அந்தந்தக் காலத்துச் சுழற்சியில் இருக்கும் மேப்கள்தான் வரும், கஸ்டமில் சுழற்சியை விட்டு வெளியே போன மேப்பையும் திறக்கலாம். ஒரு மேப் திரும்பி வரப்போகிறது என்று அறிவிப்பு வந்தால் முன்கூட்டியே தூசி தட்டிக்கொள்ள இதுதான் வழி.

சர்வரில் கொஞ்சம் கவனம் வேண்டும். கவுன்டர் ஸ்டிரைக் மாதிரி இங்கே உங்கள் கணினியே சர்வராக மாறுவதில்லை. கஸ்டம் ஆட்டமும் ரயட் கேம்ஸின் சர்வரில்தான் ஓடுகிறது. அதனால் அறை திறப்பவருக்குத் தனிச் சலுகை எதுவும் கிடையாது. ரேங்க்டில் என்ன பிங் (இணையத் தாமதம்) வருமோ கிட்டத்தட்ட அதே பிங்தான் இங்கேயும். உங்கள் அணியில் நான்கு பேருக்கு மும்பை நல்லது, ஐந்தாமவருக்கு சிங்கப்பூர் நல்லது. பயிற்சிக்கு எதைத் தேர்வது? ரேங்க்டில் எந்த சர்வரில் ஐந்து பேராக ஆடப்போகிறீர்களோ அதையே. சிங்கப்பூர் நண்பருக்கு மும்பையில் பிங் கூடுதலாக இருக்கும். அந்தத் தாமதத்தோடு முதல் ஆளாக நுழைவது சரிப்படுமா, இல்லை ஸ்மோக் போடும் வேலைக்கு மாற வேண்டுமா என்பதை இங்கேயே தெரிந்துகொள்வது நல்லது.

இன்னொன்று. சென்னை, கொழும்பு, சிங்கப்பூர், கோலாலம்பூர் என்று எங்கே இருந்தாலும் ஆசிய பசிபிக் கணக்கு வைத்திருப்பவர்கள் ஒரே அறையில் சேரலாம். லண்டனிலோ டொரன்டோவிலோ இருக்கும் சித்தப்பா பையனை ஆறாவது ஆளாகச் சேர்க்கலாம் என்று நினைத்தால் முடியாது. கணக்கு பிராந்தியத்தோடு கட்டப்பட்டது. அவருடைய கணக்கு ஐரோப்பாவிலோ வட அமெரிக்காவிலோ இருக்கும், கஸ்டமிலும் இந்தச் சுவர் திறக்காது. ஆனால் ரேங்க் வித்தியாசம் கஸ்டமில் தடையே இல்லை. அடிமட்ட ரேங்க்கான அயர்னும் உச்சிக்கு அருகிலுள்ள இம்மார்ட்டலும் ஒரே அறையில் ஆடலாம், யாருடைய ரேங்க்கும் அசையாது.

ஆப்ஷன்களில் முக்கியமானது அலவ் சீட்ஸ். பெயரைப் பார்த்துப் பயப்பட வேண்டாம், இது ரயட்டே கொடுத்திருக்கும் பயிற்சி வசதி. ரயட்டின் ஏமாற்றுத் தடுப்பு மென்பொருளான வான்கார்ட் உங்களைத் தடை செய்யாது. இதை லாபியிலேயே ஆன் செய்துவிட்டுப் போக வேண்டும். ஆட்டத்துக்குள் எஸ்கேப் அழுத்தினால் சீட்ஸ் என்று ஒரு பக்கம் வரும். நேரத்தை நிறுத்துவது, அபிலிட்டி (பாத்திரத்தின் சிறப்புத் திறன்) தீராமல் வைப்பது, குண்டு தீராமல் வைப்பது, கோஸ்ட் எல்லாம் அங்கேதான். கோஸ்ட் என்றால் 500 கிரெடிட் கைத்துப்பாக்கி இல்லை. சுவர் வழியாகப் பறந்துபோய்ப் பார்க்கும் வசதி. கன்ட்ரோல்ஸ் பக்கத்தில் அதற்கென்று ஒரு விசையை வைத்துக்கொண்டால் மெனுவைத் திறந்து மூட வேண்டியிருக்காது. சீட்ஸ் பக்கத்தை யார் தொடுவது என்பதையும் முன்பே பேசிவிடுங்கள், இல்லாவிட்டால் ஒருவர் நேரத்தை நிறுத்த, இன்னொருவர் ஓட விட, நேரம் பேச்சில் போய்விடும்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பிளே அவுட் ஆல் ரவுண்ட்ஸ் ஆன் செய்தால் ஒரு அணி 13 தொட்டாலும் ஆட்டம் நிற்காது, 24 ரவுண்டும் ஓடும். ஸ்கிரிமுக்கு (இன்னொரு அணியோடு ஆடும் பயிற்சி ஆட்டம்) இது உதவும். ஹைட் மேட்ச் ஹிஸ்டரி, ஆட்டம் கேரியர் பக்கத்தில் தெரியாமல் மறைக்கும். உங்களை யாரும் உளவு பார்க்கப்போவதில்லை, இருந்தாலும் இருக்கட்டும். டோர்னமென்ட் மோடை இப்போதைக்குத் தொட வேண்டாம்.

குரல் விஷயத்தில்தான் பலரும் மாட்டிக்கொள்கிறார்கள். கஸ்டம் லாபியில் இருக்கும் எல்லாரும் ஒரே பார்ட்டி. பார்ட்டி வாய்ஸில் பேசினால் எதிரணிக்கும் கேட்கும். ஒரே அணியாக நின்று பழகும்போது பிரச்சினை இல்லை. இரண்டாகப் பிரிந்து ஆடும்போது டீம் வாய்ஸுக்கு மாறுங்கள், அல்லது டிஸ்கார்டில் இரண்டு அறை வைத்துக்கொள்ளுங்கள்.

இனி உள்ளே என்ன செய்வது. நீங்கள் சொன்ன இரண்டு குறைகளையும் அசென்ட் பி சைட்டை வைத்தே பார்ப்போம்.

முதலில் ஐந்து பேரும் தாக்கும் பக்கம், எதிரில் யாரும் இல்லை. இதை டிரை ரன் என்பார்கள். ஆளில்லாத சைட்டில் நுழைவதில் என்ன இருக்கிறது என்று தோன்றும். சுடுவதற்கு ஆள் இருந்தால் கவனம் அங்கே போய்விடும், யார் எங்கே நின்றோம் என்பதே நினைவில் இருக்காது. அதற்காகத்தான் சைட் காலியாக இருக்க வேண்டும். அபிலிட்டி தீராமல் வைத்து, நேரத்தை நிறுத்தி, மெதுவாக நடந்தே செய்யுங்கள். ஸ்மோக் போடும் பாத்திரமான ஓமென் ஒரு ஸ்மோக்கை மார்க்கெட் வாசலில், இன்னொன்றை சிடி பக்கத்தில் (தடுப்பவர்கள் தொடக்க இடத்திலிருந்து வரும் வழி) போடுகிறார். முதல் ஆள் பி மெயினிலிருந்து (தாக்குபவர்கள் சைட்டுக்கு வரும் வழி) வெளியே வந்து எந்த மூலையைப் பார்க்கிறார், இரண்டாவது ஆள் எதைப் பார்க்கிறார், ஸ்பைக் யார் கையில் இருக்கிறது. ஒருவர் கோஸ்டில் போய் சிடி பக்கத்திலிருந்து ஸ்மோக்கைப் பார்க்கட்டும். ஓரத்தில் ஒரு கீற்று இடைவெளி இருந்தாலும் அங்கே ஒரு ஆப்பரேட்டர் (தூரத்திலிருந்து சுடும் ஸ்னைப்பர் துப்பாக்கி) காத்திருக்கும். போட்டவரின் பக்கத்திலிருந்து பார்த்தால் அந்த இடைவெளி தெரியவே தெரியாது, அதனால்தான் இன்னொருவர் கண் வேண்டும்.

இடங்கள் பிடிபட்டதும் அபிலிட்டி தீராத வசதியை அணைத்துவிட்டு நேரத்தை ஓட விடுங்கள். இங்கேதான் கணக்கு தொடங்குகிறது. ஓமெனின் ஸ்மோக் 15 நொடி நிற்கும். பிளான்ட் செய்ய 4 நொடி. ஆக, ஸ்மோக் விழுந்ததிலிருந்து 11 நொடிக்குள் ஸ்பைக் வைத்திருப்பவர் தரையில் உட்கார்ந்திருந்தால்தான், புகை கலையும்போது பிளான்ட் முடிந்திருக்கும். பி மெயின் வாசலில் "போகலாமா, போகலாமா" என்று 5 நொடி தயங்கினால் மிச்சம் 6 நொடி. நுழைவு கலைந்துபோவதற்குப் பெரும்பாலும் குறி தவறுவது காரணமில்லை, இந்த 5 நொடிதான் காரணம். ஒருவர் கைப்பேசியில் ஸ்டாப்வாட்ச் வைத்து, ஸ்மோக் விழுந்த கணத்திலிருந்து சத்தமாக எண்ணட்டும். கேட்க எரிச்சலாகத்தான் இருக்கும். சில முறை செய்த பிறகு எண்ணாமலேயே கால் நகரும்.

அபிலிட்டி தீராத வசதியை ஏன் அணைக்கச் சொல்கிறேன் என்றால், அது நைசாகப் பொய் சொல்லும். ஸ்மோக் போடும் இன்னொரு பாத்திரமான பிரிம்ஸ்டோனுக்கு ஒரு ரவுண்டில் மூன்று ஸ்மோக்தான். கஸ்டமில் கை போன போக்கில் நான்கைந்து போட்டுப் பழகி, அதை வைத்தே ஒரு திட்டமும் தீட்டி, ரேங்க்டில் போய் மூன்றாவது ஸ்மோக்குக்குப் பிறகு திணறும் அணிகள் நிறைய. அளவில்லாமல் கொடுக்கும் எந்த வசதியும் இடத்தைக் கற்றுக்கொள்வதற்கு மட்டும்தான். இடம் தெரிந்த பிறகு அது கெடுதல்.

லைனப்புக்கும் இதே கதைதான். சோவா என்ற பாத்திரத்தின் அம்பையோ, வைப்பர் என்ற பாத்திரத்தின் மாலியையோ (தரையில் பரவிச் சேதம் செய்யும் அமிலம்) ஒரு குறிப்பிட்ட இடத்தில் நின்று, கூரை விளிம்பைத் திரையில் ஒரு புள்ளியோடு பொருத்தி எறிவதைத் தனியாகவே கற்றுக்கொள்ளலாம். அதற்கு ஐந்து பேர் வேண்டாம், மற்றவர்கள் வருவதற்கு முன்பே வந்து பாருங்கள். ஆனால் விழும் இடத்தில் ஒரு ஆளை நிறுத்திப் பார்க்காமல் எந்த லைனப்பையும் நம்பாதீர்கள். எதிரிகள் நிற்கும் இடத்தைக் காட்டிக்கொடுக்கும் சோவாவின் ரீகான் அம்பை எதிரி சுட்டு உடைக்கலாம். அம்பு வந்து ஒட்டிய இடம் தடுப்பவரின் கண்ணெதிரே இருந்தால், எவ்வளவு அழகான லைனப்பாக இருந்தாலும் அவர் ஒரு குண்டில் முடித்துவிடுவார். எதிர்ப்பக்கம் நிற்பவர்தான் சொல்ல வேண்டும்: அம்பு எப்போது கண்ணில் பட்டது, உடைக்க எவ்வளவு நேரம் கிடைத்தது, அதற்குள் அவர் மாட்டினாரா.

பிளான்ட்டுக்குப் பின் எறியும் மாலிக்கு ஒரு சோதனை. மூன்று பேர் போதும். ஒருவர் எப்போதும் வைக்கும் இடத்தில் ஸ்பைக்கை வைக்கட்டும். வைப்பர் ஆடுபவர் தூரத்தில் லைனப் இடத்தில் நிற்கட்டும். மூன்றாமவர் தடுக்கும் பக்கத்திலிருந்து வந்து டிஃப்யூஸ் (ஸ்பைக்கைச் செயலிழக்கச் செய்வது) தொடங்கட்டும். முழு டிஃப்யூஸுக்கு 7 நொடி. பாதி, அதாவது 3.5 நொடி, தாண்டிவிட்டால் அந்தப் பாதி அப்படியே இருக்கும். பிறகு விட்டுவிட்டு வந்தாலும் மீதி 3.5 நொடிதான் வேண்டும். இப்போது உங்கள் மாலி காற்றில் எத்தனை நொடி பறக்கிறது என்று அளந்துகொள்ளுங்கள். 4 நொடி என்று வைத்துக்கொள்வோம். எதிரி புதிதாகத் தொடங்கும் சத்தம் கேட்டதும் எறிந்தால் போதும், நேரத்துக்குப் போய் விழும். ஆனால் அவர் ஏற்கெனவே பாதி முடித்துவிட்டு வந்து தொட்டால், சத்தம் கேட்ட பிறகு எறிந்தும் பயனில்லை. மாலி தரையைத் தொடுமுன் ஸ்பைக் செயலிழந்துவிடும். அப்போது சத்தத்துக்குக் காத்திராமல் முன்கூட்டியே எறிய வேண்டும், அல்லது யாராவது சைட் அருகிலேயே நிற்க வேண்டும். எத்தனையோ லைனப் காணொளிகள் எங்கே நிற்பது என்று காட்டுகின்றன, இந்தக் கணக்கைச் சொல்வதில்லை.

சரி, ரீடேக். உங்கள் பெரிய தலைவலி இதுதான் என்று சொல்கிறீர்கள், ஐந்து பேருக்கு மிகப் பொருத்தமான பயிற்சியும் இதுதான். இரண்டு பேர் தாக்கும் பக்கம், மூன்று பேர் தடுக்கும் பக்கம். இரண்டு பேரும் எதிர்ப்பே இல்லாமல் பி சைட்டில் பிளான்ட் செய்யட்டும். ஸ்பைக் வைக்கும்வரை மூன்று பேரும் தொடக்க இடத்திலேயே நிற்பது என்று பேசிக்கொள்ளுங்கள். வைத்த கணத்திலிருந்து 45 நொடி. தாக்குபவர்கள் மார்க்கெட் பக்கத்துக் கதவை மூடிவிட்டார்களா என்று முதலில் பாருங்கள், ஏனென்றால் மூடியிருந்தால் அதை உடைக்கும் சத்தத்தில் நீங்கள் எங்கே என்று தெரிந்துவிடும். கடைசி 7 நொடிக்குள் டிஃப்யூஸ் தொடங்காவிட்டால் கதை முடிந்தது. ஆக உங்கள் கையில் இருப்பது 38 நொடி, அதில் சேர்ந்து வருவதற்குக் கொஞ்சம், சைட்டைத் துழாவுவதற்குக் கொஞ்சம்.

இதைச் செய்து பார்த்தால் ஒன்று கண்ணில் படும். மூன்று பேர் இருந்தும் தோற்கும் ரவுண்டுகளில் பெரும்பாலும் மூவரும் ஒரே நேரத்தில் உள்ளே வந்திருக்க மாட்டார்கள். ஒருவர் முதலில் வந்து சாவார், அவரைப் பார்த்து அடுத்தவர், கடைசியில் ஒருவர் தனியாக. அதனால் ரீடேக்கில் ஒரே ஒரு விதி வைத்துக்கொள்ளுங்கள்: யாராவது ஒருவர் எண்ண வேண்டும், அந்த எண்ணுக்கு முன்னால் யாரும் நுழையக் கூடாது. யார் எண்ணுவது என்பதை ரவுண்டுக்கு ரவுண்டு மாற்றுங்கள். எப்போதும் ஒருவரே குரல் கொடுத்தால் அவர் முதலில் செத்த ரவுண்டுகளில் மற்றவர்கள் வாயடைத்து நிற்பார்கள். ஒவ்வொரு ரவுண்டும் முடிந்ததும் வாங்கும் நேரம் 30 நொடி வருகிறது அல்லவா, என்ன தவறு என்று பேச அது போதும். அதற்கு மேல் பேசினால் சண்டை.

குறி பார்க்கும் பயிற்சியை இந்த அறைக்குள் கொண்டுவராதீர்கள். அதற்கு ரேஞ்ச் இருக்கிறது, டெத்மேட்ச் இருக்கிறது, 100 கில் வரை போகும் டீம் டெத்மேட்ச் இருக்கிறது. ஐந்து பேரின் நேரத்தை ஒன்றாகப் பிடிப்பது கல்யாணத்துக்கு நாள் குறிப்பது மாதிரி. அதைத் தனியாகச் செய்யக்கூடிய வேலைக்குச் செலவழிக்கக் கூடாது.

மூன்றாவது கட்டம்: சீட்ஸ் எல்லாம் ஆஃப். இதைத்தான் அணிகள் தள்ளிப்போடுகின்றன, ஏனென்றால் பணக் கணக்கு இருக்கும் ஆட்டத்தில் சொகுசு இல்லை. முதல் ரவுண்டான பிஸ்டல் ரவுண்டில் 800 கிரெடிட். தோற்றால் 1900 வரும், அடுத்தடுத்து தோற்றால் 2400, 2900. வேண்டல் துப்பாக்கி 2900, கனமான கவசம் 1000, ஆக 3900. பிஸ்டலில் 800-ஐயும் செலவழித்துத் தோற்று, இரண்டாவது ரவுண்டில் எதுவும் வாங்காமல் சேமித்து, அதிலும் தோற்றால் மூன்றாவது ரவுண்டில் கையில் இருப்பது 1900-உம் 2400-உம் சேர்த்து 4300. ஒரு கில்லுக்கு 200, பிளான்ட்டுக்கு 300 கூட வரலாம், அதை நம்பி இருக்காதீர்கள். துப்பாக்கியும் கவசமும் போக மிச்சம் 400. அந்த 400-இல் உங்கள் நுழைவுத் திட்டத்துக்குத் தேவையான எல்லா அபிலிட்டியையும் வாங்க முடிகிறதா? முடியாவிட்டால் எதை விடுவது? சீட்ஸ் ஆனில் பழகிய திட்டம் முதன்முதலில் உடைவது இந்த மூன்றாவது ரவுண்டில்தான். அதனால் ஒவ்வொரு நுழைவுக்கும் ஒரு மலிவுப் பதிப்பு வைத்துக்கொள்ளுங்கள்: ஒரே ஒரு ஸ்மோக், ஒரு ஃபிளாஷ், அவ்வளவுதான்.

இந்தக் கட்டத்துக்கு எதிரில் இன்னொரு ஐந்து பேர் வேண்டும், அதாவது ஸ்கிரிம். டிஸ்கார்டில் உங்கள் ரேங்க்குக்கு ஏற்ற அணிகளைத் தேடலாம். லாபி திறக்கும்முன் மேப், சர்வர், 24 ரவுண்டு முழுக்கவா இல்லை 13-இல் முடிவா, நெட் போனால் யார் எப்படி நிறுத்தச் சொல்வது, இவ்வளவையும் எழுத்தில் பேசிவிடுங்கள். 24 ரவுண்டு முழுக்க ஆடுவதையே நான் பரிந்துரைப்பேன். 13-2 என்று தோற்றாலும் மீதி ரவுண்டுகள் உங்களுக்குப் பயிற்சிதான், எதிரணியும் அதே நோக்கத்தோடு வந்திருப்பதால் முகம் சுளிக்க மாட்டார்கள். நடுவில் 9-1 என்று இருக்கும்போது லாபியை விட்டு ஓடும் அணியோடு மறுபடி யாரும் ஆட மாட்டார்கள், அதையும் நினைவில் வையுங்கள். ஆறாவது நண்பர் இருந்தால் அப்சர்வர் இடத்தில் உட்காரட்டும். இரண்டு அணியையும் பார்க்கும் அவர் ஆட்டம் நடக்கும்போது வாய் திறக்கக் கூடாது, குறிப்பு மட்டும் எழுத வேண்டும்.

நேரப் பங்கீடு கேட்டிருந்தீர்கள். ஒன்றரை மணி நேரம் கிடைத்தால் முதல் 20 நிமிடம் டிரை ரன், அடுத்த 30 ரீடேக், மீதி சீட்ஸ் இல்லாத ஆட்டம். லைனப் தேடுவது அதில் சேராது. ஒரு வாரம் முழுக்க ஒரே மேப், ஒரே சைட். இரண்டாம் நாளே சலிப்பு வந்து "ஹேவன் போகலாம்" என்று ஒருவர் தொடங்குவார், விட்டுக்கொடுக்காதீர்கள். ஹேவனில் மூன்று சைட், அங்கே இன்னும் அதிகமாகத்தான் சிதறுவீர்கள்.

ஐந்து பேரும் சேராத நாள் வரும். மூன்று பேர் என்றால் மேலே சொன்ன மாலி சோதனை, அல்லது ஒருவர் பிளான்ட் செய்து காக்க இருவர் ரீடேக். இரண்டு பேர் மட்டும் என்றால், ஒருவர் சைட்டில் வழக்கமாக எதிரி நிற்கும் மூலைகளில் ஒவ்வொன்றாக மாறி மாறி சுடாமல் நிற்கட்டும், மற்றவர் பி மெயினிலிருந்து ஓடாமல் நடந்து வந்து ஒவ்வொரு மூலையையும் துழாவட்டும். நின்றவர் கடைசியில் ஒன்றே ஒன்று சொன்னால் போதும்: உன் தோள் எனக்குத் தெரிந்த பிறகு எவ்வளவு நேரம் கழித்து உன் குறி என் தலை உயரத்துக்கு வந்தது.